திருத்தப்பட்ட ஓர் அத்தியாயம்: லண்டாவ் - லிவ்சிற்ஸ் நூலை முன்வைத்துச் சில குறிப்புகள்

லண்டாவ், லிவ்சிற்ஸ் ஆகியோரின் கோட்பாட்டுப் பௌதிக வரிசையில் ஆறாம் தொகுதியான 'பாயி இயக்கவியல்', உயர்நிலை மாணவர் அஞ்சியும் மதித்தும் பயிலும் நூலாகும். பாடநூலும் சமூக உற்பத்தியே. ஆதலின் அதனை விமர்சன நோக்கில் வாசித்தல் பொருத்தமற்றதன்று.

பிசுக்குமையற்ற இலட்சியப் பாயியில் தொடங்கி, பிசுக்குமையுள்ள பாயிக்கும் பின்னர் கொந்தளிப்புக்கும் செல்லும் இந்நூலின் வைப்புமுறை, அருவத்திலிருந்து பருமைக்கு ஏறும் மார்க்சின் முறையியலை நினைவூட்டுகின்றது. ஆயின் ஆய்வாளரின் தயக்கங்களும் தவறுகளும் துடைக்கப்பட்ட பின்னரே முடிவுகள் எம்மை வந்தடைகின்றன. பண்டத்தில் உழைப்பு மறைந்திருப்பதுபோலச் சமன்பாட்டிலும் அது மறைந்துள்ளது. ஒவ்வொரு படியையும் தாமே தாளில் வருவித்துப் பார்க்கும் மாணவரே அவ்வுழைப்பினை மீட்டெடுக்கின்றனர்.

கொந்தளிப்பு பற்றிய அத்தியாயமே எமது கவனத்துக்குரியது. றெனோல்ட்ஸ் எண் உயர உயர, ஓட்டத்திற் புதிய அதிர்வெண்கள் ஒன்றன்பின் ஒன்றாகச் சேர்கின்றன; அவற்றின் முடிவற்ற திரட்சியே கொந்தளிப்பு என 1944இல் லண்டாவ் கருதினார். ஒருசில படிகளின் பின்னரே ஓட்டம் ஒழுங்கற்ற நிலைக்குத் தாவக்கூடும் என 1971இல் றுவெல், டேக்கன்ஸ் ஆகியோர் வாதிட்டனர். சுழலும் உருளையொன்றைச் சூழ்ந்த திரவத்தைக் கொண்டு கொலுப், சுவின்னி ஆகியோர் 1975இல் வெளியிட்ட பரிசோதனை முடிவுகளும் லண்டாவின் கருத்துக்கு மாறாகவே அமைந்தன.

அளவு மாற்றம் பண்பு மாற்றமாகும் என்னும் விதிக்கு இஃதோர் எடுத்துக்காட்டு எனக் கூறி நாம் அமைதியடைதல் எளிது. ஆனால் இவ்வுண்மையைக் கண்டறிந்தது எமது சூத்திரமன்று, கணிதமும் பரிசோதனையுமேயாம். முன்னரே வகுத்த விதிக்குப் பின்னர் சான்று தேடுதல் இயங்கியல் ஆகாது.

லண்டாவ் 1968இல் மறைந்தார். லிவ்சிற்ஸ் அவ்வத்தியாயத்தைத் திருத்தி, ஒழுங்கின்மை பற்றிய புதிய கோட்பாட்டினையும் அதிற் சேர்த்தார். அவர் 1985இல் மறைய, திருத்திய ருஷ்யப் பதிப்பு 1986இல் வெளிவந்தது. நண்பரின் பக்கத்தை மாற்றாது காப்பதிலன்றி, அவர் நாடிய உண்மையைத் தொடர்வதிலேயே விசுவாசம் உள்ளது என்பதற்கு இத்திருத்தமே சான்று.

அதே லண்டாவை, மார்க்சியத்தின் பெயரால் ஆண்ட அரசு 1938இல் சிறையிட்டு ஓராண்டு வைத்திருந்தது என்பதையும் நாம் மறைத்தலாகாது. பௌதிகவியலாளர் தம் ஆசானின் அத்தியாயத்தைத் திருத்தினர். நாம் எமது நூல்களில் எந்த அத்தியாயத்தைத் திருத்தினோம் என்பதே முற்போக்கு விமர்சனம் தன்னைத்தானே வினவவேண்டிய கேள்வியாகும்.