கோடுகளின் இலக்கணம்

பொறியியல் வரைபடத்தைக் கலை என்பாரும் உளர்; கைத்தொழில் என்பாரும் உளர். அமெரிக்காவின் ஒகையோ மாநிலப் பல்கலைக்கழகப் பேராசிரியர் தாமஸ் ஈ. பிரெஞ்ச், 1911இல் வெளியிட்ட தம் பொறியியல் வரைபடக் கையேட்டில் அதனை ஒரு மொழி என்றே கொண்டார். எழுதவும் படிக்கவும் கற்க வேண்டிய மொழி அது. பல பதிப்புகள் கண்ட அப்பாடநூலின் நிறையும் குறையும் இக்கருத்தைக் கொண்டே அளந்தறியத்தக்கன.

மொழிக்கு இலக்கணம் உண்டன்றோ? ஒரு பொருளை முன்னிருந்தும் மேலிருந்தும் பக்கத்திலிருந்தும் நேர்பட நோக்கி, அத்தோற்றங்களைத் தாளில் முறைப்பட அமைப்பதே வரைபடத்தின் இலக்கணம். இதற்குக் கணித அடிப்படை வகுத்தவர் பிரான்சு நாட்டுக் காஸ்பார் மோஞ்சு. கோட்டை அமைக்கும் பணிக்கு உதவியமையால் படைத்துறை மறைபொருளாகக் காக்கப்பட்ட அம்முறை, 1795இல் பாரிசில் அவர் ஆற்றிய விரிவுரைகளால் பொதுவுடைமை ஆயிற்று.

பிரெஞ்சின் நூலோ, இவ்விலக்கணத்திற்கு முன்பாகவே கருவிகளையும் எழுத்தமைப்பையும் விரித்துரைக்கின்றது. மைப்பேனாவால் வரைந்த காலத்திற்கு அது பொருந்தும். ஆயினும், கோடு தூய்மையாக அமைந்தாலே பாடம் முடிந்தது என மாணவன் மயங்க அவ்வரிசை இடந்தருகின்றது. படத்தைப் பார்த்துப் படியெடுப்பவன், நூற்பாவை மனப்பாடம் செய்து பொருளறியாதவனை ஒப்பான்.

மெய்யான கல்வி, அத்தகு நூல்களின் பயிற்சி வினாக்களிலேயே உள்ளது. முன்தோற்றம் ஒரு சதுரம். மேல்தோற்றமும் ஒரு சதுரம். பொருள் யாது? கனசதுரம் என்பான் மாணவன். விட்டமும் நீளமும் ஒத்த உருளையைக் கிடையாக வைத்தாலும் அவ்விரு சதுரங்களே தோன்றும். மரம் பிளக்கும் ஆப்பும் அவ்வாறு அமையலாம். பக்கத்தோற்றம் சதுரமா, வட்டமா, முக்கோணமா என்பதே ஐயம் தீர்க்கும். இதனை அகக்கண்ணால் கண்டுணர்பவனே அம்மொழியைப் படிக்கத் தெரிந்தவன்.

இன்று கணினி கோடு வரைகின்றது. முப்பரிமாண உருவிலிருந்து தோற்றங்களையும் தானே தருகின்றது. ஆதலின் கருவி பற்றிய இயல்கள் பழமையுற்றன. எனினும், பட்டறையில் படத்தை நோக்கி இரும்பைக் கடைபவன் அதனைப் பிழையறப் படித்தாக வேண்டும். தவறாகப் படித்தால் கடைந்த இரும்பு வீணாகும். எனவே, பழைய நூலைக் கையிலெடுக்கும் மாணவன் வினாக்களிலிருந்து தொடங்குவானாக. மொழி கற்பிக்கும் நமக்கும் இது பொருந்தும்: அழகுற எழுதுவித்தலோடு அமையாது, பொருளுணர்ந்து படிப்பித்தலே ஆசிரியர் கடன்.