பெயரும் பெயர்ச்சியும்: பாலக்காட்டு எல்லையும் ‘பாரம்பரியச் சின்னம்’ என்னும் சொல்லாட்சியும்

பண்பாட்டுத் துறை சார்ந்த தமிழ் மொழிபெயர்ப்புகளில் ‘பாரம்பரியச் சின்னம்’ என்னும் தொடர் வேரூன்றிவிட்டது. 1972ஆம் ஆண்டின் யுனெஸ்கோ உடன்படிக்கை காக்க முனைந்த கட்டடங்களுக்கு இது பொருந்தும். மரபுரிமை முழுவதற்கும் இதனையே ஆள்வது பொருந்தாது. சின்னம் ஓரிடத்தில் நிற்பது; மக்களோ ஊரையே சுமந்து சென்றுள்ளனர். இதற்குப் பாலக்காட்டுக் கணவாய்ப் பகுதி தக்க சான்றாகும்.

பொள்ளாச்சிக்கு அருகே, கேரள எல்லைக்குள் அமைந்த மீனாட்சிபுரத்தின் பெயர் மதுரைத் தெய்வத்தை நினைவூட்டுவது. இதே பெயருடைய ஊர்கள் தமிழ்நாட்டிலும் பல உள. ஊர்ப்பெயர் மண்ணோடு பிணைந்தது என்பர். எனினும் அதனைப்போல் எளிதில் இடம்பெயர்வதும் வேறில்லை.

பெயரைப்போல் ஊரமைப்பும் பெயரும். தஞ்சைப் பகுதியிலிருந்து குடியேறிய அந்தணர் கல்பாத்தி ஆற்றங்கரையில் எதிரெதிர் வீட்டு வரிசையும் கோயிலும் தேரோடும் தெருவுமாக அக்கிரகாரம் அமைத்தனர். திண்ணை, ரேழி, கூடம் என்னும் சொல்வரிசையே அவர்களுக்கு வரைபடமாயிற்று. ஐப்பசித் தேர்விழா மயிலாடுதுறை வழக்கத்தைத் தழுவியது என்பர். ‘காசியில் பாதி கல்பாத்தி’ என்னும் வழக்கில் ‘பாதி’ என்பது கருதத்தக்கது. மூலத்தின் முழு நகல் என்னும் உரிமைக்கோரிக்கை அதில் இல்லை. அவ்வாறு சுமந்து வந்தவற்றுள் சாதி ஒதுக்கமும் அடங்கும். அத்தெருக்களில் நடக்கும் உரிமைக்காக 1920களில் ஈழவர் கிளர்ந்தமையை மறைத்து மரபைப் போற்றுதல் ஆய்வாகாது.

இவற்றினும் தெளிவான சான்று தோல்பாவைக் கூத்து. 42 அடி நீளக் கூத்துமாடம் பகவதி கோயில் வளாகத்தில் நிலையாக நிற்கிறது. பாவைகள் கூத்தர் கையோடு வருகின்றன. 21 விளக்குகளின் ஒளியில் கம்பராமாயணப் பாடல் தமிழிலேயே ஒலிக்க, விளக்கவுரை மலையாளம் விரவி நடக்கிறது. கூத்தரைப் ‘புலவர்’ என அழைக்கும் வழக்கும் தமிழ்ச் சொல்லோடு தொடர்கிறது. இங்குச் சின்னம் எது? மாடத்தைப் புதுப்பித்துவிடலாம்; உரைசொல்லும் நா ஓய்ந்தால் எஞ்சுவது வெறும் கட்டடமே.

பழகிய தொடரை மாற்றுவது குழப்பம் தரும் எனலாம். மாற்றவேண்டுவதில்லை, வரையறுத்தால் போதும். கட்டடத்திற்குச் ‘சின்னம்’ நிற்க. பெயர், ஊரமைப்பு, உரைமரபு ஆகிய அனைத்தையும் தழுவ, ஈழத்துத் தமிழில் வழங்கும் ‘மரபுரிமை’ என்னும் சொல் உண்டு. தலைமுறை வழியாகக் கையளிக்கப்படுவதைக் காக்க முனையும் 2003ஆம் ஆண்டு உடன்படிக்கையின் கருத்துக்கும் அதுவே இயைவது. எதனைக் காப்பது என்பதைச் சொல்லே முன்கூட்டித் தீர்மானித்துவிடுமாதலின், இத்தெரிவில் மொழிபெயர்ப்பாளர் பொறுப்புச் சிறிதன்று.