பெயரும் அதன் பொருளும்

பிள்ளைகளுக்குப் பெயர் தெரிந்து தருவதாகக் கூறும் கைந்நூல்கள் இன்று புத்தகக் கடைகளில் மலிந்து கிடக்கின்றன. அவற்றின் அமைப்பு பெரும்பாலும் ஒன்றே. இடப்புறத்தே பெயர், வலப்புறத்தே பொருள், சிலவற்றில் அப்பெயர் எம்மொழிக்குரியது என்ற குறிப்பும் எண்சோதிடப் பலனும் உண்டு. எண்சோதிடத்தை விட்டுவிடுவோம், அதனோடு வாதிடுதல் வீண். ஆனால், பெயரொன்றின் பொருள் முழுவதும் அதன் வேர்ச்சொல்லில் அடங்கிக் கிடக்கின்றது என்னும் கொள்கையைக் கற்றோரும் ஆராயாது ஏற்றுக்கொள்கின்றனர். அதனையே இங்கு நோக்க விரும்புகின்றோம்.

வேர்ச்சொல் ஆராய்ச்சியை நாம் இகழவில்லை. அதனால் விளையும் அறிவும் இன்பமும் பெரிது. ‘இறைவன் அருள்கூர்ந்தான்’ எனப் பொருள்படும் யோகனான் என்ற எபிரேயப் பெயர், கிரேக்கத்தில் யோவானெஸ் ஆகி, இலத்தீன் வழியாக ஸ்பானியரிடம் ஹுவான், போத்துக்கேயரிடம் ஜொவாவோ, ஆங்கிலேயரிடம் ஜோன் என உருமாறிற்று. ருஷியரின் இவானும் அதுவே. குர்ஆனிலே அதே தீர்க்கதரிசி யஹ்யா. தமிழ்க் கத்தோலிக்கரோ ஒலியை விடுத்துப் பொருளைப் பற்றிக்கொண்டு, அவரை அருளப்பர் என்றனர். சிறியவன் எனப் பொருள்படும் பவுலுஸ் என்ற இலத்தீன் பெயரும் அவ்வாறே சின்னப்பர் ஆயிற்று. இத்தாலியரான கொன்ஸ்தான்சோ பெஸ்கி, வீரமாமுனிவர் என்ற பெயர் பெறுமுன் தைரியநாதர் என வழங்கியதும் இம்முறை பற்றியே. மொழிபெயர்ப்புக்கு இவற்றினும் அழகிய எடுத்துக்காட்டுகள் தேடுதல் அரிது.

ஆயினும், வேர்ச்சொல் எவ்வளவு தூரத்துக்கு எம்மை அழைத்துச் செல்லும்? 1938 ஆகஸ்டில் நாசி ஜேர்மனி ஓர் ஆணை பிறப்பித்தது. அரசு வகுத்த யூதப் பெயர்ப் பட்டியலில் இடம்பெறாத பெயரைத் தாங்கிய யூதர், 1939 சனவரி முதலாம் திகதி தொடக்கம், ஆணாயின் இஸ்ரவேல் எனவும் பெண்ணாயின் சாரா எனவும் மேலதிகப் பெயரொன்றைச் சேர்த்துக்கொள்ளல் வேண்டும். சாரா என்பதற்கு இளவரசி என்று பொருள். பெயர் நூல்கள் இன்றும் அவ்வாறே எழுதுகின்றன, பிழையுமன்று. அந்த ‘இளவரசி’தான் அடையாள அட்டைகளிற் பொறிக்கப்பட்டு, வேட்டையாடப்படுவோரின் சூட்டுக்குறியாயிற்று. இன்னொன்றையும் கவனித்தல் வேண்டும். மேலே கண்ட யோகனானின் ஜேர்மன் வடிவமாகிய யோகான்னஸும் பிறப்பால் எபிரேயமே. எனினும் அப்பெயர் தாங்கிய கிறித்தவ ஜேர்மனியரை எவரும் அதன்பொருட்டு யூதராக எண்ணவில்லை. எப்பெயர் எவருக்குரியது என்பதைத் தீர்மானிக்க அந்த அதிகாரிகளுக்கு மொழிநூல் தேவைப்படவில்லை.

ஆபிரிக்காவின் அக்கான் மக்கள் ஞாயிறன்று பிறந்த ஆண்மகவுக்குக் குவாசி எனப் பெயரிடுவர். அடிமைகளாக ஜமேக்காவுக்குக் கொண்டுசெல்லப்பட்டோரோடு அப்பெயரும் சென்றது. தோட்டத்துரைமார் வாயில் அது குவாஷி ஆகி, கறுப்பு மனிதன் எவனையும் இழித்துரைக்கும் பொதுச்சொல்லாயிற்று. திங்களிற் பிறந்தவனைக் குறிக்கும் பெயர் அங்கே குஜோ என வழங்கிற்று. மலைகளில் நின்று போரிட்டு, 1739 இல் ஆங்கிலேயரை உடன்படிக்கைக்கு இணங்கச் செய்த மரூன் தலைவனின் பெயர் அது.

எமது நாட்டுக்கு வருவோம். கோட்டை மன்னன் தர்மபாலன் 1557 இல் ஞானஸ்நானம் பெற்று டொம் ஜொவாவோ ஆனான். 1580 இல் இராச்சியத்தையே போத்துக்கல் மன்னனுக்கு உறுதி எழுதிக் கொடுத்தான். 1864 இல் பிறந்த டொன் டேவிட் ஹேவாவிதாரண, அந்தப் பறங்கிப் பெயரைக் களைந்து அநகாரிக தர்மபாலர் ஆனார். ‘அறத்தைக் காப்பவன்’ என்ற பொருளில் இம்மியும் மாற்றமில்லை. (இரண்டாமவர் காக்க முற்பட்ட அறத்தில் இந்நாட்டின் ஏனைய மக்களுக்கு இடமிருந்ததா என்பது வேறு ஆராய்ச்சி.)

யாழ்ப்பாணத்துச் சாதி சமூகத்திலே இக்கதை இன்னும் நுண்ணியது. கந்தன், கந்தசாமி, கந்தப்பிள்ளை ஆகிய மூன்றுக்கும் எதிரே பெயர் நூலில் ‘முருகன்’ என்றே எழுதலாம். ஆனால், ஒடுக்கப்பட்ட சாதியிற் பிறந்த பிள்ளைக்கு முதலாவதே போதும் என்பது ஊர்வழக்கு. சாமியும் பிள்ளையும் காணி பூமிபோல உயர்சாதியினரின் உடைமைகளாயிருந்தன. தகப்பன் கந்தசாமி என்று சொல்லவும் பதிவேட்டிற் கந்தன் என எழுதப்பட்டமையை முதியோர் கூறக் கேட்டிருக்கின்றோம். பெண்களுக்கும் அவ்வாறே, வேலிக்கு உள்ளே வள்ளியம்மை, வெளியே வள்ளி. பத்து வயதுச் சிறுவன் எழுபது வயது முதியவரை ‘டேய் கந்தா’ என விளிப்பான்; முதியவர் அவனை ‘நயினார்’ என்பார். வேர்ச்சொல்லாராய்ச்சி இவ்விருவருக்குமிடையே என்ன நிகழ்ந்தது என்பதை ஒருபோதும் விளக்கமாட்டாது.

தமிழ்நாட்டில், 1929 இல் செங்கல்பட்டிற் கூடிய சுயமரியாதை மாநாடு, பெயரோடு ஒட்டிய சாதிப் பட்டங்களைத் துறக்குமாறு தீர்மானித்தது. போற்றத்தக்க தீர்மானம். ஆனால் பட்டம் உடையவனே அதைத் துறக்க முடியும். அது மறுக்கப்பட்டிருந்த எம்மூர்க் கந்தன் தன் மகனைக் கந்தசாமி எனப் பதிவுசெய்வித்தபோது, அதுவும் அதே போராட்டத்தின் பாற்பட்டதே. முற்போக்காளரிற் சிலர் இதனைப் ‘போலச் செய்தல்’ என எள்ளுவதை நாம் ஏற்கமாட்டோம்.

இப்பொழுது தமிழ்ப்பற்றாளர் பலர், டிலக்சன், கஜீபன் முதலாய பெயர்களைக் கேட்டு மனம் வெதும்புகின்றனர். இவற்றுக்கு எம்மொழியிலும் நேரிய வேர் காண்பது அரிது. வேதாசலம் மறைமலையடிகள் ஆன வரலாற்றை வியந்து கற்பிக்கும் எமக்கும் இவை செவிக்கு இனியவையல்ல. ஆனால், வரவு இடாப்பை வாசிக்கும்போது ஒன்றை உணர்கின்றோம். எமக்கு முன் இப்பணியிலிருந்தோர், பெயரை வாசித்த அளவிலேயே பிள்ளை எந்தக் குறிச்சியைச் சேர்ந்தது என்று அறிந்துகொண்டனர். முன்வாங்கா பின்வாங்கா என்பதை அதனாலேயே தீர்மானித்தோரும் அவருள் இருந்தனர். டிலக்சன் என்று வாசிக்கும்போது அது தெரிவதில்லை. தெரிந்துகொள்ள விரும்பும் ஆசிரியர் இன்றும் சிலர் உளர்; அவர்கள் தந்தையின் பெயர் எழுதிய அடுத்த நிரலுக்குச் செல்கின்றனர்.