சொல்லித் தராத காடு

பழனி மலைத் தலைவன் பேகன், தோகை விரித்து நின்ற மயிலைப் பார்த்து, பாவம் குளிரில் நடுங்குகிறது என்று தன் போர்வையை எடுத்துப் போர்த்திவிட்டுப் போனான். கடையெழு வள்ளல்களில் ஒருவனாக இடம்பிடித்தான். ‘தி லாங் டார்க்’ வீடியோ கேமில் யாராவது அந்தக் காரியத்தைச் செய்தால் பொழுது சாய்வதற்குள் விறைத்துச் சாவார். அதன் ‘சர்வைவல்’ முறையில் பொதுவாகச் செத்தால் செத்ததுதான். சேமித்துவைத்த ஆட்டம் அழிந்துபோகும். எத்தனை நாள் தாக்குப்பிடித்திருந்தாலும் முதல் நாளிலிருந்து மறுபடி ஆரம்பிக்க வேண்டும்.

கனடாவின் ஹிண்டர்லேண்ட் நிறுவனம் 2014 செப்டம்பரில் அரைகுறையாக வெளியிட்டு, ஆடியவர்களின் குறைகளைக் கேட்டுக் கேட்டுச் செதுக்கி, 2017 ஆகஸ்டில் முழுதாகக் கொண்டுவந்த ஆட்டம் இது. நடக்கும் பிணங்கள் கிடையாது, எதிரிப் படை கிடையாது. புவிகாந்தக் கோளாறில் மின்சாரம் அடங்கிப்போன ஒரு வடதிசைத் தீவு, பனிக்காடு, நீங்கள் ஒருவர் மட்டும். குளிர், களைப்பு, தாகம், பசி என்று நான்கு அளவுகள். நீங்கள் சும்மா நின்றாலும் அவை இறங்கிக்கொண்டே இருக்கும். இதைக் கொடைக்கானல்காரர்கள் நம்மைவிட நன்றாக ஆடுவார்கள் என்பது என் கணிப்பு. 2100 மீட்டர் உயரத்தில், டிசம்பர் ஜனவரி விடியலில் புல்லின் மேல் உறைபனி படிந்து கிடப்பதைப் பார்த்து வளர்ந்தவர்கள். மேகம் இறங்கினால் பத்தடிக்கு அப்பால் இருக்கும் ஆள் தெரியமாட்டார் என்பது அவர்களுக்குச் செய்தியே இல்லை.

புதிதாக ஆடுகிறவர் ஓநாய்க்குப் பயப்படுவார். அவரைக் கொல்வது பெரும்பாலும் ஈரம். ஆட்டத்தில் துணி நனையும், நனைந்த துணி உறையும், உறைந்த துணி உங்களைக் காப்பதை விட்டுவிடும். ஜீன்ஸும் பருத்தி உடுப்பும் கம்பளிக்கு உறைபோடக் காணாது. மழையில் நனைந்தபடி தூண்பாறையில் நின்று படம் எடுத்துக்கொள்ளும் சமவெளிக் கல்லூரிப் பையன்களின் உதடுகளைப் பாருங்கள், இந்தக் கணக்கு புரிந்துவிடும். அப்போது வெப்பநிலை பத்துப் பன்னிரண்டு டிகிரிகூட இருக்கும். ஈரமும் காற்றும் சேர்ந்தால் அதுவே போதும். ஆட்டம் திரையில் காட்டுவது காற்றின் வெப்பநிலையை மட்டுமல்ல, காற்று வீச்சையும் உடுப்பையும் கழித்துக் கூட்டி உடம்புக்குப் படும் குளிரை. இந்த ஒரு கணக்குக்காகவே அதைச் செய்தவர்களுக்குச் சபாஷ் போடலாம்.

ஆனால் நான் சொக்கிப்போனது அதன் தீயில். மாலை நேரம், கையில் இரண்டு சிடார் விறகு, ஒன்றோ இரண்டோ ஃபர் விறகு, எண்ணி எடுத்த தீக்குச்சிகள் என்று வைத்துக்கொள்ளுங்கள். சிடார் ஒரு மணி நேரம் எரியும், ஃபர் ஒன்றரை மணி நேரம். முதலில் காற்று எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று பார்த்து, பாறைக்கு மறுபக்கம் உட்கார வேண்டும். தீ பிடித்ததும் நம்மைச் சூடாக்குவது அதன் சின்ன வேலைதான். பனியை உருக்க வேண்டும், உருகிய தண்ணீரைக் கொதிக்கவைக்க வேண்டும், இறைச்சியைச் சுட வேண்டும், காட்டு ரோஜாக் காயைக் கஷாயம் போட வேண்டும். தீ அணையும் முன் அதிலிருந்து எரியும் கொள்ளி ஒன்றை உருவிக்கொள்ள வேண்டும். அந்தக் கொள்ளி வழியில் ஓநாயைத் தள்ளி நிறுத்தும். அடுத்த இடத்தில் அடுத்த தீயை மூட்டும். ஒரு தீக்குச்சி மிச்சம். அணைந்த இடத்தில் கிடைக்கும் கரித்துண்டால் சுற்றுவட்டாரத்தை வரைபடமாக வரைந்துகொள்ளலாம். எதுவும் வீணாகாத இந்த வளையத்தைத் தானாகக் கண்டுபிடிக்கும் நாளில்தான் ஆட்டக்காரர் பிழைக்கத் தொடங்குகிறார். ஒரே பானைச் சோற்றை மறுநாள் பழையதாகவும், அதன் நீராகாரத்தைத் தனியாகவும் கணக்கில் வைத்த பாட்டிகளின் மூளை இந்த ஆட்டத்துக்குப் பொருந்தும்.

ஓநாய் விஷயத்திலும் நுட்பம் உண்டு. பச்சை இறைச்சியைச் சுமந்து நடந்தால் வாடை ஏறும், வாடை ஓநாயைக் கூட்டிவரும். கண்ணில் பட்டதும் ஓடினால் காரியம் கெட்டது. கொடைக்கானல் தெருமுனையில் காட்டுமாடு நிற்கும்போது உள்ளூர்க்காரர் என்ன செய்கிறார் என்று கவனியுங்கள். ஓடமாட்டார், செல்போனை நீட்டிக்கொண்டு கிட்டே போகமாட்டார். ஓரமாக ஒதுங்கி, அது போக வழி இருக்கிறதா என்று பார்ப்பார், வேறு சந்தில் போய்விடுவார். ஒரு டன் எடைவரை வளரக்கூடிய மிருகத்திடம் அதைத் தவிர வேறு உத்தி கிடையாது.

மெல்லிய பனிப்பாளத்தில் கால் வைத்தால் ஆட்டம் விரிசல் சத்தத்தால் எச்சரிக்கும். நம் மலை அந்தத் தயவைக் காட்டாது. குணா குகையின் மேல் தரை என்று நம்பிய இடத்தில்தான் 2006இல் ஒரு கேரள இளைஞர் ஆழத்தில் விழுந்தார். நண்பர் ஒருவர் கயிற்றில் இறங்கி அவரை மீட்டார். 2024இல் ‘மஞ்ஞுமல் பாய்ஸ்’ படம் வந்தபிறகு அந்தக் கதை தெரியாதவர் குறைவு.

ஆட்டத்தில் ஒரு களவாணித்தனமும் புழங்கியது. பகலெல்லாம் பட்டினி கிடந்து, தூங்கப் போகும் முன் மட்டும் கொஞ்சம் சாப்பிட்டால், குறைந்த உணவில் பல நாள் ஓட்டலாம் என்று கெட்டிக்காரர்கள் கண்டுபிடித்தார்கள். உடம்பு பட்டினியில் இழந்ததைத் தூக்கத்தில் தேற்றிக்கொண்டது. ஆட்டத்தை உருவாக்கியவர்கள் இதைத் தடுக்கவில்லை. மாறாக, தொடர்ந்து மூன்று நாள் பசியில்லாமல் இருந்தால் ஐந்து கிலோ கூடுதலாகச் சுமக்கலாம் என்று ஒரு சலுகை வைத்தார்கள். தண்டிக்காமல் ஆசைகாட்டித் திருத்திய இந்த முடிவை விளையாட்டு வடிவமைப்பின் உச்சங்களில் ஒன்று என்பேன். பட்டினிக்காரர்கள் இன்னமும் முணுமுணுக்கிறார்கள்.

இதில் எதையும் ஆட்டம் உட்காரவைத்துச் சொல்லித் தருவதில்லை. இங்கேதான் எனக்குப் பளியர் பழங்குடியினர் நினைவுக்கு வருகிறார்கள். பீட்டர் கார்ட்னர் என்ற அமெரிக்க மானிடவியலாளர் 1960களின் தொடக்கத்தில் மதுரைப் பக்க மலைகளில் பளியரோடு தங்கி ஆய்வு செய்தார். 1966இல் வெளியான அவருடைய கட்டுரை விசித்திரமான ஒன்றைப் பேசுகிறது. காட்டைப் பற்றிய அறிவை அவர்கள் பாடமாகக் கைமாற்றுவது குறைவு. அவரவர் அலைந்து, தொட்டு, தின்று தெரிந்துகொண்டதே அவரவர் அறிவு. அதனால் செடி, பிராணிகளின் பெயர்களில்கூட ஆளுக்கு ஆள் மாறுபாடு. ஒருவர் இன்னொருவருக்கு மேலே நின்று ‘இதைச் செய்’ என்று சொல்வதை அவர்கள் தவிர்க்கிறார்கள். நம் வீட்டுப் பெரியவர்களுக்கு இது பொறுக்காது.

இன்னொரு பக்கம் நம்மிடம் இதற்கு நேர் எதிரான மரபும் இருக்கிறது. பத்துப்பாட்டின் கடைசிப் பாட்டான மலைபடுகடாம், நன்னனைப் பார்க்கப் போகும் கூத்தருக்கு மலைவழி சொல்கிறது. பன்றிக்கு வைத்த பொறிகள் வழியில் கிடக்கும், விடிந்தபின் நடங்கள். தினைப்புனம் காப்பவர் யானைமேல் எறியும் கவண்கல் உங்கள்மேலும் விழும், மரத்தில் மறைந்து போங்கள். வழுக்கும் இடத்தில் கொடியைப் பிடித்துக்கொள்ளுங்கள். இருட்டினால் குகையில் தங்குங்கள். வழி தப்பினால் வாத்தியத்தை இசையுங்கள், மலைக்காரர்கள் வந்து கூட்டிப்போவார்கள். இதைவிட நேரான புதியவர் வழிகாட்டியை நான் பார்த்ததில்லை. எங்கே அவசரப்படக்கூடாது என்பதையே அது திரும்பத் திரும்பச் சொல்கிறது.

இரண்டு மரபில் எது உசத்தி? மலையைக் கடந்துபோகிறவருக்கு மலைபடுகடாம் மாதிரியான ஆற்றுப்படை போதும். மலையிலேயே இருக்கப்போகிறவருக்குப் போதாது. ஆகவே புதியவரிடம் நான் சொல்வது கொஞ்சம்தான். ‘மிஸ்டரி லேக்’ பகுதியில் தொடங்குங்கள். அங்கே ரயில் தண்டவாளம் ஓடுகிறது, மேகம் மூடினாலும் தண்டவாளத்தைப் பிடித்துக்கொண்டே நடக்கலாம். கண்ணில் பட்டதையெல்லாம் பையில் போடாதீர்கள். முப்பது கிலோவுக்கு மேல் சுமந்தால் களைப்பு சீக்கிரம் ஏறும். மரத்தில் தொங்கும் தாடிப்பாசியைப் பறித்து வையுங்கள், அது காயத்துக்குக் கட்டுப்போட உதவும். அந்த இனப் பாசி நம் சோலைகளிலும் தொங்குகிறது. மற்றதைச் செத்துத் தெரிந்துகொள்ளுங்கள்.

பளியருக்குச் செத்துத் தெரிந்துகொள்ளும் அந்தச் சலுகை கிடையாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். அவர்களுடைய காட்டறிவு பொழுதுபோக்கில் வந்ததில்லை. இன்று பலர் கீழ்ப்பழனியின் காப்பித் தோட்டங்களில் கூலிக்குப் போகிறார்கள், ரேஷன் அரிசி சாப்பிடுகிறார்கள். கிழங்கும் தேனும் பகுதி நேரமாகிவிட்டன.

பழனி மலையை வைத்து யாராவது இப்படி ஓர் ஆட்டம் செய்ய வேண்டும் என்று எனக்கு ஆசை. ஓநாய்க்குப் பதில் அட்டையும் செந்தட்டியும் காட்டுமாடும். ஆனால் அதன் உயிர் வள்ளிக்கிழங்கில் இருக்க வேண்டும். கோடையில் கொடி காய்ந்து உதிர்ந்துவிடும், கிழங்கு மட்டும் கல்லும் மண்ணுமாக இருக்கும் ஆழத்தில் கிடக்கும். மரத்தில் சுற்றிய ஒரு காய்ந்த நூல்தான் அடையாளம். நுனியில் இரும்பு மாட்டிய கோலால் வியர்க்க வியர்க்கத் தோண்ட வேண்டும். தோண்டச் செலவான தெம்பைவிடக் கிழங்கு தரும் தெம்பு கூடுதலா என்ற கேள்வியை எந்தத் திரை அளவும் சொல்லாது. சில கிழங்குகளை ஊறவைத்து அவிக்காமல் தின்றால் தொண்டை அரிக்கும், வயிறு கெடும்.

அந்த ஆட்டத்தின் முதல் பொறி கொடைக்கானல் ஏரியாகவே இருக்கும். மேலே சோலையும் புல்வெளியும் பார்க்க அழகு, வயிற்றுக்குப் பெரிதாக ஒன்றும் இல்லை. கிழங்குக் கொடிகள் கீழ்ச்சரிவின் இலையுதிர் காடுகளில் இருக்கின்றன. விவரம் தெரிந்தவர் முதல் நாள் காலையிலேயே தாண்டிக்குடிப் பக்கம் இறங்கத் தொடங்குவார். பெருமாள்மலையில் மேகம் வழியை மறித்தால் அங்கேயே பாறை மறைவில் உட்கார்ந்து, விலகும்வரை கிளம்பமாட்டார்.