காமிராவின் சாட்சியம்

அரபியில் 'ஷஹித' என்னும் வினைக்குக் கண்ணால் கண்டான், அவ்விடத்தில் இருந்தான், சாட்சி பகர்ந்தான் என்னும் பொருள்கள் உண்டு. ஹாஸ்கெல் வெக்ஸ்லரின் படங்களை மதிப்பிட இச்சொல்லே நமக்குப் போதுமானது.

1922-இல் சிகாகோவில் பிறந்து 2015-இல் மறைந்த இவ்வொளிப்பதிவாளர் கதைப்படங்களுக்காக இருமுறை ஆஸ்கர் பெற்றவர். 1963-ஆம் ஆண்டின் வாஷிங்டன் பேரணிக்குச் சென்றோருடன் பயணித்து 'தி பஸ்' (1965) என்னும் ஆவணப்படத்தை எடுத்தவரும் இவரே. 'இன் தி ஹீட் ஆஃப் தி நைட்' (1967) படத்தில் கறுப்பினக் கலைஞர் சிட்னி பாய்ட்டியரின் முகம் துலங்கும் வண்ணம் ஒளியை அளவறிந்து குறைத்தார். வெள்ளையர் முகத்தையே அளவுகோலாகக் கொண்டிருந்த ஹாலிவுட்டில் அது சிறு செயலன்று.

எனினும், அவரே எழுதி இயக்கி ஒளிப்பதிவும் செய்த 'மீடியம் கூல்' (1969) தான் நம்மை நெடுநேரம் நிறுத்துகிறது. கதாநாயகன் ஒரு தொலைக்காட்சி ஒளிப்பதிவாளன். விபத்துக்குள்ளான காரையும் அடிபட்டுக் கிடக்கும் பெண்ணையும் முதலில் படம் பிடிக்கிறான்; பிறகே ஆம்புலன்ஸுக்குச் சொல்கிறான். தொழுகையில் நிற்பவர்கூட, நீரில் மூழ்குபவரைக் கண்டால் தொழுகையை முறித்துக் காப்பாற்ற வேண்டும் என்பது நம் சட்ட அறிஞர்களின் தீர்ப்பு. தொழுகைக்கே இந்நிலையென்றால் படச்சுருளுக்கு என்ன சலுகை? வெக்ஸ்லர் இதை வசனமாக்கவில்லை; காட்சிகளின் வரிசையே அக்கேள்வியைக் கேட்கிறது.

1968 ஆகஸ்டில் சிகாகோவில் ஜனநாயகக் கட்சி மாநாடு நடந்தபோது, மகனைத் தேடும் தாயாக நடித்த வெர்னா புளூமை மஞ்சள் உடையில் உண்மையான போராட்டக்காரர்களிடையே நடக்கவிட்டார். காவலர்களும் கண்ணீர்ப்புகையும் உண்மை. அவ்வேளை, 'இது நிஜம், எச்சரிக்கை' என்னும் பொருள்பட ஒரு குரல் வெக்ஸ்லரைப் பெயர்சொல்லி அழைக்கிறது. அக்குரலோ பின்னர் சேர்க்கப்பட்டது! இதை வெக்ஸ்லரே ஒப்புக்கொண்டிருக்கிறார். கதைப்படத்தில் இது குற்றமா எனச் சிலர் வினவலாம். கற்பனையைக் கற்பனையென்றே பார்வையாளர் அறிந்திருக்கும்வரை குற்றமில்லை. இக்குரலின் வலிமையோ அது நிஜமென நம்பப்படுவதிலேயே இருக்கிறது. சாட்சியத்தை மறைப்பதைத் திருமறை கண்டிக்கிறது. பொய்ச்சாட்சியத்தை நபி (ஸல்) அவர்கள் பெரும்பாவங்களுள் எண்ணினார்கள். புகையே போதிய சாட்சியாக இருக்க, கூடுதலாக ஒரு சாட்சியைப் புனைந்தது தேவையற்றது என்பதே நம் கருத்து.

ஆயினும் இறுதிக்காட்சியை அவருக்குச் சாதகமாகவே கொள்கிறோம். நாயகனின் காரே விபத்தில் சிக்குகிறது. கடந்து செல்லும் காரிலிருந்து ஒரு சிறுவன் அதைப் புகைப்படம் எடுக்கிறான், கார் நிற்காமல் போகிறது. பிறகு காமிராவுடன் தோன்றும் வெக்ஸ்லர், அதன் கண்ணை நம் பக்கமே திருப்புகிறார்.

1997-இல், பத்தொன்பது மணி நேரப் படப்பிடிப்பு முடிந்து வீடு திரும்பிய உதவி ஒளிப்பதிவாளர் ஒருவர், காரோட்டும்போதே உறங்கி உயிரிழந்தார். 'ஹூ நீட்ஸ் ஸ்லீப்?' (2006) என்னும் ஆவணப்படத்தில், ஹாலிவுட்டின் வேலைநேரத்தை நோக்கி வெக்ஸ்லர் காமிராவைத் தூக்கினார்; அப்படம் வெளிவந்தபோது அவருக்கு வயது எண்பதைக் கடந்திருந்தது.