அடுப்பை அணைத்த பிறகு எலுமிச்சை

திருவள்ளூர் மாவட்டத்தின் மேற்கு ஓரத்தில், ஆர்.கே.பேட்டைப் பக்கம் இருக்கும் அம்மையார்குப்பம் விசைத்தறி ஊர். பகலெல்லாம் தறிச் சத்தம். ஆண்கள் தறியில் நின்றால் பெண்கள் தார் சுற்றுவார்கள், அறுந்த இழைக்கு முடிச்சுப் போடுவார்கள். ஆள் குறைந்த நாளில் அவர்களே தறியிலும் நிற்பார்கள். இப்படி ஓடுகிற வீட்டில் வாரநாள் ராத்திரி கோழி எடுத்தால், மல்லி மிளகாய் வறுத்து, தேங்காய் அரைத்து, குழம்பு கூட்டி இறக்க யாருக்குத் தெம்பிருக்கும்? அந்த இடைவெளியில்தான் எலுமிச்சை புகுந்துகொள்கிறது. இஞ்சி, பூண்டு, பச்சைமிளகாய், மிளகு, ஒரு பழம். புளி ஊறவைக்க வேண்டாம், தக்காளி வதங்கிக் குழையும்வரை காத்திருக்க வேண்டாம். ‘லெமன் சிக்கன்’ என்று பிள்ளைகளும் சந்தோஷமாகத் தட்டை நீட்டுவார்கள்.

இந்தச் சுலபம் உண்மையானது. அதை இளக்காரமாகப் பார்க்கிற நாட்டுக்கோழி ரசிகர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. ஆனால் எலுமிச்சைக் கோழி பெரும்பாலான வீடுகளில் சுமாராகத்தான் வருகிறது. சிலசமயம் கசக்கிறது, சிலசமயம் கறி சக்கையாக இருக்கிறது, பல சமயம் சோற்றோடு ஒட்டமாட்டேன் என்கிறது. இந்த மூன்றில் முதல் இரண்டுக்கும் காரணம் ஒன்றே: எலுமிச்சையை அவசரப்பட்டு முதலிலேயே பிழிந்துவிடுகிறோம். மூன்றாவது இந்தச் சமையலோடு கூடப்பிறந்த குறை. அதைத் தனியாகப் பார்க்க வேண்டும்.

வழக்கமாக என்ன நடக்கிறது? கடையிலிருந்து வந்த கறியைக் கழுவும்போதே அரைப் பழம் பிழிவார்கள், கவிச்சி போகும் என்று. பிறகு உப்பு, மஞ்சள்தூளோடு இன்னும் அரைப் பழம் பிழிந்து ஊற வைப்பார்கள். தறியில் ஒரு வேலை முடித்து வருவதற்குள் ஒரு மணி நேரம், இரண்டு மணி நேரம் போய்விடும். கொதிக்கும்போது கடைசிப் பழமும் உள்ளே போகும். மூன்று இடத்தில் எலுமிச்சை சேர்ந்தும், சாப்பிடும்போது எலுமிச்சை மணம் இருக்காது. புளிப்பு மட்டும் தனியாக நாக்கில் நிற்கும்.

முதலில் கழுவுவதைப் பார்ப்போம். எலுமிச்சைச் சாறு கவிச்சி வாடையைக் குறைக்கும் என்பது சரி. கிருமியைக் கொல்லும் என்ற நம்பிக்கைதான் ஆபத்து. கறியில் இருக்கும் சால்மொனெல்லா போன்ற கிருமிகளைச் சாகடிப்பது சூடு ஒன்றே. கறியின் உள்பகுதி 74 டிகிரி செல்சியஸ் தொட வேண்டும். பச்சைக் கோழியைக் கழுவவே கூடாது, தெறிக்கும் தண்ணீரில் கிருமி சமையலறை முழுக்கப் பரவும் என்று அமெரிக்க உணவுப் பாதுகாப்பு அதிகாரிகள் சொல்கிறார்கள். சூப்பர் மார்க்கெட்டில் பொட்டலமாக வாங்குகிறவர்களுக்கு அது பொருந்தும். கண்ணெதிரே அறுத்து, மரக்கட்டையில் வெட்டி, எலும்புத் தூளும் ரத்தமும் ஒட்டியபடி கவரில் போட்டுத் தருகிற நம் கறிக்கடைக் கோழியைக் கழுவாமல் சமைக்க யாருக்கும் மனசு வராது, எனக்கும் வராது. கழுவுங்கள், குழாயை முழுசாகத் திறந்துவிடாமல், பாத்திரத்தில் தண்ணீர் பிடித்து, தெறிக்காமல். கழுவிய இடத்தையும் கையையும் சோப்புப் போட்டுத் துடையுங்கள். அந்த வேலைக்கு எலுமிச்சையை வீணாக்க வேண்டாம்.

ஊறவைப்பது இதைவிடப் பெரிய தவறு. எலுமிச்சைச் சாறு அமிலம் மிகுந்தது. கறியின் மேல் பட்டதும் வெளிப்புறப் புரதத்தை இறுக்கி வெளுக்க வைக்கிறது. நெருப்பில்லாமலே பாதி வெந்தது போல் ஆகிவிடும். உள்ளே அது போவது மிகக் குறைவு. முற்றிய பண்ணைக் கோழியோ நாட்டுக்கோழியோ என்றால் கொஞ்ச நேரம் ஊறுவதில் நியாயம் இருக்கிறது என்று வாதாடலாம். ஆனால் வாரநாளில் வாங்குவது கறிக்கோழி. ஆறு வாரத்தில் இரண்டு கிலோவை எட்டி கடைக்கு வந்துவிடும் பிராய்லர் அது. தசை ஏற்கெனவே மெத்தென்று இருக்கும். அதை மென்மையாக்க எலுமிச்சை எதற்கு? இரண்டு மணி நேரம் அமிலத்தில் கிடந்தால், வெந்த பிறகு வெளிப்புறம் மாவு மாவாக உதிரும், உள்புறம் வறண்டு போகும். நெஞ்சுக்கறியில் இது அப்பட்டமாகத் தெரியும். மென்மை வேண்டுமென்றால் தயிர் போதும். அதன் புளிப்பு சாதுவானது, தப்பாகப் போக வாய்ப்புக் குறைவு.

கசப்பு வருவது வேறு வழியாக. பழத்தின் கொட்டையிலும் தோலுக்கு உள்ளே இருக்கும் வெள்ளைச் சவ்விலும் கசப்புப் பொருள்கள் உண்டு. நன்றாக அழுத்திப் பிழிந்து, கொட்டையோடு கொதிக்கவிட்டால் அவை சாற்றில் இறங்கும். பிழிந்த சாறு சும்மா இருந்தாலும் நேரம் ஆக ஆகக் கசப்பு ஏறும். சூடு அதை இன்னும் வேகப்படுத்தும். எலுமிச்சையின் மணமோ இதற்கு நேர் எதிர். அது எண்ணெய்ச் சத்து. ஆவியோடு சேர்ந்து பறந்துவிடும். ஆக, இருபது நிமிடம் கொதித்த குழம்பில் நமக்குப் பிடித்தது போய்விடுகிறது, பிடிக்காதது தங்கிவிடுகிறது. வைட்டமின் சி கதையும் அதுதான். சூட்டில் நிறையச் சிதைந்துவிடும். ‘சத்துக்காக எலுமிச்சை சேர்க்கிறோம்’ என்று சொல்லிக்கொண்டு கொதிக்கவிடுவதில் அர்த்தமே இல்லை.

அப்படியானால் எப்படிச் செய்தால் சரி வரும்? வாய் அகன்ற கடாய். அரைக் கிலோ கறிக்கு மூன்று மேசைக்கரண்டி கடலை எண்ணெய். கடுகு வெடித்ததும் கறிவேப்பிலை, கீறிய பச்சைமிளகாய், தட்டிய இஞ்சி பூண்டு. கறியை ஒரே அடுக்காகப் பரப்பி, உப்பும் மஞ்சளும் தூவி, மூடாமல் விட வேண்டும். இங்கேதான் பொறுமை தேவை. முதலில் தண்ணீர் விடும். ‘சளசள’ என்று ஒரு சத்தம் வரும்; அந்தச் சத்தம் இருக்கிறவரை கறி வேகத்தான் செய்கிறது, வறுபடவில்லை. தண்ணீர் வற்றி, சத்தம் மெலிந்து, எண்ணெய் தனியாகப் பொரியும் ஓசை கேட்கும்போது கறியைப் புரட்டினால் அடிப்பக்கம் பழுப்பேறி இருக்கும். கடாயின் அடியில் ஒட்டியிருக்கும் அந்தப் பழுப்புதான் சாற்றுக்குச் சுவை தரப்போவது. அதன் மேல் அரை டம்ளர் வெந்நீர் விட்டு, கரண்டியால் சுரண்டி, மூடி போட்டுப் பத்துப் பன்னிரண்டு நிமிடம். கறி வெந்ததும் மூடியைத் திறந்து சாறு சுருண்டு கெட்டியாகும்வரை வைத்து, பொடித்த மிளகைத் தூவி, அடுப்பை அணைக்க வேண்டும். கொதி அடங்கிய பிறகு, கொட்டை எடுத்த ஒரு பழத்தின் சாறு, ஒரு சிட்டிகை சர்க்கரை. சர்க்கரை என்றதும் முகம் சுளிக்க வேண்டாம். புளிப்பின் முனையை மழுக்கத்தான் அது, இனிப்புக்கு அல்ல.

கடாய் விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. இரும்புக் கடாயில் எலுமிச்சை பிழிந்தால் சாறு கறுக்கும், இரும்பு வாடை அடிக்கும். மெல்லிய அலுமினியச் சட்டியும் அமிலத்துக்கு ஒத்துவராது. எவர்சில்வரில் அடி பிடிக்கும் என்று பயப்படுகிறவர்கள், இரும்பிலேயே வறுத்துவிட்டு, வேறு பாத்திரத்துக்கு மாற்றிய பிறகு பழத்தைப் பிழியலாம். கழுவ ஒரு பாத்திரம் கூடும், அவ்வளவுதான்.

ஓட்டல் லெமன் சிக்கனைப் பற்றி நல்ல வார்த்தை சொல்ல எனக்குக் கஷ்டமாக இருக்கிறது. சோளமாவில் முக்கிப் பொரித்த கறி, அதன் மேல் பளபளவென்று மஞ்சள் சாஸ், பாதிக்கு மேல் சர்க்கரை. அதை வீட்டில் போட்டுப் பார்க்கிறவர்கள் சோளமாவுக் கரைசலில் எலுமிச்சை விட்டு நிறைய நேரம் கொதிக்க வைக்கிறார்கள். அமிலமும் சூடும் சேர்ந்தால் மாவின் பிடிப்பு உடையும். கெட்டியாக இருந்த சாஸ் நீர்த்துப் போகும். உடனே இன்னும் கொஞ்சம் மாவு. கடைசியில் கோந்து.

இப்போது அந்த மூன்றாவது குறை, சோற்றோடு ஒட்டாதது. இந்த ஊர்ப் பக்கம் கோழி என்றால் மனசில் வருவது குழம்பு. கேழ்வரகுக் களியைக் கிள்ளி, குழம்பில் தோய்த்து விழுங்க வேண்டும். இல்லையென்றால் சோற்றில் பிசைய வேண்டும். இது ஆந்திர எல்லைக்கு அந்தப் பக்கமும் அப்படித்தான். ராயலசீமையில் ராகி சங்கடியும் நாட்டுக்கோடி புலுசும் பிரியாத ஜோடி. 1960 ஏப்ரல் 1 அன்று இந்தத் திருத்தணிப் பகுதி ஆந்திராவிலிருந்து சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது, ம.பொ.சி.யின் எல்லைப் போராட்டம் அதற்குப் பின்னால் இருந்தது. எல்லைக் கோட்டை நகர்த்தினார்கள், களிச்சட்டி நகரவில்லை. நகரி, புத்தூர்ப் பக்கம் பெண் கொடுத்து எடுக்கிற வீடுகளில் மாமியார் தெலுங்கில் சொல்லும் புலுசும் மருமகள் தமிழில் வைக்கும் குழம்பும் ஒரே புளியில்தான் கொதிக்கின்றன.

எலுமிச்சைக் கோழியில் அந்தத் தண்ணீர்ப் பதம் கிடையாது. தண்ணீரைக் கூட்டினால் எலுமிச்சை வெறும் புளித்தண்ணீராகத் தெரியும். கூட்டாவிட்டால் சோற்றுக்குத் தனியாக ரசமோ பருப்போ வைத்தாக வேண்டும். அப்போது மிச்சப்படுத்திய நேரம் எங்கே போயிற்று? ‘அரை மணி நேரத்தில் கோழி’ என்று சொல்கிறவர்கள் அந்த ரசச் சட்டியைக் கணக்கில் சேர்ப்பதே இல்லை. வெங்காயம் உரித்தது, பூண்டு தட்டியது, கறி கழுவியது எதுவும் அந்தக் கணக்கில் வராது என்பது வேறு விஷயம்.

இதற்கு மேற்கு ஆப்பிரிக்காவில், செனகல் நாட்டில், ஒரு நல்ல விடை இருக்கிறது. அங்கே ‘யாஸ்ஸா’ என்று ஒரு கோழிச் சமையல். எலுமிச்சையோடு ஏராளமாக வெங்காயம் சேர்த்து, அது குழைந்து இனிப்பேறும்வரை வதக்கி, சோற்றின் மேல் ஊற்றிச் சாப்பிடுகிறார்கள். அவர்கள் கறியை எலுமிச்சையில் ஊறவைப்பதும் உண்டு; ஆனால் அந்தப் புளிப்பு முழுவதையும் வெங்காயத்தின் இனிப்பு தாங்கிக்கொள்கிறது. நம் வீட்டில் நான்கு பெரிய வெங்காயத்தை நீளவாக்கில் அரிந்து, கறி வறுபட்ட எண்ணெயிலேயே வதக்கிச் சேர்த்தால் சோற்றோடு பிசைய ஒரு சாறு கிடைக்கும். வதங்கக் கால் மணி நேரம் கூடுதலாக ஆகும். ரசம் தனியாக வைப்பதற்கு அது தேவலை. களிக்கு இதுவும் போதாது என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

மறுநாள் காலை இன்னொரு சிக்கல். புளிக்குழம்பு ராத்திரி முழுக்க இருந்து காலையில் சுட வைத்தால் சுவை கூடும். தறிவீட்டில் காலை ஆகாரத்தைப் பாதி நாள் காப்பாற்றுவது அந்தப் பழங்குழம்புதான். எலுமிச்சைக் கோழி அப்படி நிற்காது. மறுபடி கொதித்ததும் மணம் போய், கசப்பு எட்டிப் பார்க்கும். ஒரே வழி, அன்றைக்குத் தேவையான கறிக்கு மட்டும் பழம் பிழிந்து, மிச்சத்தைப் பிழியாமல் எடுத்து வைப்பது. காலையில் சுடவைத்து இறக்கிய பிறகு அரைப் பழம் பிழிந்தால் புதிதாகச் செய்தது போல இருக்கும். எலுமிச்சையைக் கடைசிக்குத் தள்ளுவதில் கிடைக்கிற லாபம் இங்கேதான் முழுசாகத் தெரிகிறது.

வாரநாள் என்கிறோமே, இங்கே எல்லா வாரநாளும் கறி நாள் இல்லை. மலைமேல் முருகன் இருக்கிற சீமையில் செவ்வாயும் கிருத்திகையும் பல வீடுகளில் கவிச்சி கிடையாது. வெள்ளிக்கிழமையும் அப்படியே, புரட்டாசியோ முழு மாதமும். சேவலைக் கொடியில் வைத்திருக்கிற சாமிக்காகக் கோழியை நிறுத்தி வைப்பதில் ஒரு நியாயம் இருக்கத்தான் செய்கிறது! மிச்சம் திங்கள், புதன், வியாழன். ஞாயிற்றுக்கிழமை குழம்புக்கே போய்விடும். ஆகவே எலுமிச்சைக் கோழியின் ஆட்சி வாரத்தில் மூன்று ராத்திரிதான். அந்த அளவுக்கு அது போதுமான சமையல். ஞாயிற்றுக் குழம்போடு அதைப் போட்டிக்கு நிறுத்துவதால்தான் தோற்றதுபோலத் தெரிகிறது.

விலையையும் சொல்லியாக வேண்டும். எலுமிச்சை எப்போதும் மலிவு என்ற நினைப்பு 2022 ஏப்ரலில் கலைந்தது. அந்த மாதம் நாட்டின் பல சந்தைகளில் கிலோ 200 ரூபாயைத் தாண்டியது, சில்லறையில் ஒரு பழம் பத்து ரூபாய்க்கு விற்றது. எலுமிச்சை அதிகம் விளையும் ஆந்திராவில் முந்தின ஆண்டுக் கனமழை பூவைக் கெடுத்ததும் அதற்கு ஒரு காரணம். ஒவ்வொரு கோடையிலும் விலை கொஞ்சமாவது ஏறத்தான் செய்கிறது; ஜூஸ் கடைக்கும் கோயிலுக்கும் போக மிஞ்சுவதுதான் அடுப்படிக்கு. சாத்துக்குடியை மாற்றாகச் சொல்கிறவர்கள் உண்டு. அதன் சாற்றில் புளிப்பு போதாது, சுண்டினால் தித்திக்கும். நாரத்தங்காய் மணம் உள்ளது, ஆனால் கசப்பு கூடவே வரும். அதே கோடையில் பக்கத்துச் சித்தூர்த் தோப்புகளிலிருந்து பச்சை மாங்காய் வண்டி வண்டியாக இறங்குகிறது. மாங்காயை அடுப்பை அணைக்கும்வரை வைத்திருக்கக் கூடாது. கறி முக்கால் வேக்காடு வந்ததும் சீவிப் போட்டு, குழையவிட வேண்டும். எலுமிச்சை தராத கெட்டித்தன்மையை அது தரும், களியும் தோயும், மறுநாள் சுட வைத்தாலும் கசக்காது.