தீர்ப்பாயத்துக்கு அனுப்பும் உத்தரவு

2003 ஜூலை வேலைநிறுத்தத்தையொட்டித் தமிழக அரசு ஊழியர்களும் ஆசிரியர்களுமாகச் சுமார் 2 லட்சம் பேர் ஒரேயடியாக வேலைநீக்கம் செய்யப்பட்டபோது, அவர்கள் தரப்பு சென்னை உயர்நீதிமன்றத்தின் கதவைத் தட்டியது. தனி நீதிபதி இடைக்கால நிவாரணம் தந்தார். டிவிஷன் பெஞ்ச் அதை ரத்து செய்து, மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இருக்கிறது, அங்கே போங்கள் என்றது.

சட்டப்படி அது சரியான வழிதான். தீர்ப்பாயத்தின் உத்தரவை உயர்நீதிமன்றத்தில் எதிர்க்கலாம், ஆனால் தீர்ப்பாயத்தைத் தாண்டி நேரே அங்கு வரக்கூடாது என்று 1997-ல் எல்.சந்திரகுமார் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் வகுத்துவிட்டார்கள். இந்த விதியை நான் முழு மனதோடு ஆதரிக்கிறேன். ஒரு சீனியாரிட்டி தகராறைத் தீர்க்கப் பணி விதிகள், இனச்சுழற்சிப் பட்டியல், பதவி உயர்வுப் பேனல் தேதி எல்லாவற்றையும் வரிவரியாகப் பார்க்க வேண்டும். தீர்ப்பாய அமர்வில் நீதித்துறை உறுப்பினரோடு நிர்வாக அனுபவமுள்ள உறுப்பினரும் உட்காருவது அதற்காகத்தான். மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் மனுக் கட்டணம் 50 ரூபாய். கடைநிலை ஊழியருக்கும் எட்டுகிற தொகை.

கோளாறு, அனுப்புகிற விதத்தில் இருக்கிறது. 1985-ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டம் தீர்ப்பாயத்தை அணுக ஓராண்டு கெடு வைக்கிறது. பென்ஷன் குறைக்கப்பட்ட ஒருவர் விவரம் தெரியாமல் ரிட் மனு போடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். மனு விசாரணைக்கு ஏற்கப்பட்டு, எதிர்மனு தாக்கலாகி, வருடக்கணக்கில் கிடந்தபின் 'ஏற்கத்தக்கதல்ல' என்று தள்ளுபடியாகிறது. உயர்நீதிமன்றத்தில் கழிந்த காலத்தைக் கெடுவில் சேர்க்கக் கூடாது என்று நீதிபதி ஒரு வரி எழுதினால் அவர் பிழைத்தார். எழுதாவிட்டால், தாமதத்தை மன்னிக்கக் கோரி முதலிலிருந்து மன்றாட வேண்டும். ஓய்வுபெற்றவரின் வயதில் இது கொடுமை. அந்த ஒரு வரி நீதிபதியின் தயவைப் பொறுத்ததாக இருக்கக் கூடாது.

அனுப்பப்படும் இடத்தால் அந்தச் சுமையைத் தாங்க முடியுமா என்ற கேள்வியும் உண்டு. 2003 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் டி.கே.ரங்கராஜன் வழக்கில் அதைத்தான் பார்த்தது. ஆயிரக்கணக்கானோரைத் தீர்ப்பாயத்துக்குத் தள்ளினால் அதனால் நியாயம் வழங்க முடியாது, இத்தகைய அசாதாரண நிலையில் உயர்நீதிமன்றமே விசாரித்திருக்க வேண்டும் என்றது. வேலைநிறுத்த உரிமையை அடியோடு மறுத்த தீர்ப்பு என்றே அது பேசப்படுகிறது. இந்தப் பகுதியைப் பலரும் கவனிப்பதில்லை. அசாதாரண நிலைக்கு மட்டும் அதை ஒதுக்கிவைப்பது சரியல்ல என்பேன். உறுப்பினர் பணியிடங்கள் காலியாகி அமர்வே கூடாத தீர்ப்பாயத்துக்கு ஒரே ஒருவரை அனுப்பினாலும் அவருக்குப் பரிகாரம் கிடைக்கப்போவதில்லை.

தமிழகம் 2006-ல் தன் தீர்ப்பாயத்தைக் கலைத்தது. வழக்குகள் உயர்நீதிமன்றத்துக்கு மாறின. இன்று சென்னையில் தபால்காரர் மத்திய தீர்ப்பாயத்தில் தொடங்க வேண்டும், வருவாய்த்துறை உதவியாளர் நேரே உயர்நீதிமன்றம் போகலாம். கலைத்ததால் பணி வழக்குகளின் பாரம் உயர்நீதிமன்றத்தின் தலையில் ஏறியது. தீர்ப்பாயத்தைச் செம்மைப்படுத்தியிருக்க வேண்டும். அனுப்புவதானால் மனுவுக்கு எண் தரும் கட்டத்திலேயே பதிவுத்துறை பார்த்து அனுப்பட்டும், கோப்பையும் சேர்த்து.